ஏழாம் உரையில் ஒரு வரி

அன்பு மகளுக்கு,

நலமா என்று கேட்க எனக்கு இன்னும் வாய் வரவில்லை. அதனால் புத்தகத்தைப் பற்றிச் சொல்கிறேன்.

ஒன்பது வருடமாக மொழிபெயர்க்கிறேன் என்று நான் கட்டிக்கொண்டு அழுத அந்த ஆதித் திருச்சபை இறையியலாளரின் உரைகள் ஒருவழியாக அச்சுக்குப் போகின்றன. நேற்று பிழைதிருத்தப் படி வந்தது. ஜெபத்தில் இருக்கும்போது யாராவது கதவைத் தட்டினால் எழுந்துபோய்த் திற, கடவுள் காத்திருப்பார், தட்டியவர் காத்திருக்க மாட்டார் என்கிறார் ஏழாம் உரையில். அதன் கீழே, “மூன்று முறை தட்டினாள். திறக்கவில்லை” என்று இருந்தது.

அது அவர் சொன்னதல்ல. மொழிபெயர்ப்பு எந்த இடத்தில் தடைப்பட்டது என்று அன்று நான் கையெழுத்துப் பிரதியின் ஓரத்தில் பென்சிலால் குறித்தது. அச்சகத்தில் அதையும் உரையோடு சேர்த்துவிட்டார்கள்.

பதிப்பாளர் தொலைபேசியில் அழைத்தார். “ஐயா, மத்ததெல்லாம் உபதேசம். இந்த ஒரு வரிதான் மனசப் பிசையுது. அந்தக் காலத்துலயே எப்படிச் சொல்லியிருக்காரு பாருங்க.”

நான் ஆமாம் போட்டேன்.

அன்று கதவுக்கு வெளியே நின்று “அப்பா, ரெண்டே நிமிஷம்” என்றாய். “அப்புறம் வாம்மா, முக்கியமான இடத்துல இருக்கேன்” என்றேன். அந்த முக்கியமான இடம் எதுவென்று இப்போது உனக்கே தெரிந்திருக்கும். மறுநாள் உன் அலமாரி காலியாக இருந்தது.

நாளைக்குள் படியைத் திருப்பி அனுப்ப வேண்டும். சிவப்புப் பேனாவோடு காலையிலிருந்து உட்கார்ந்திருக்கிறேன். அந்த வரியை அடிக்கக் கை வரவில்லை.

அவர் சொன்னதையெல்லாம் வரி பிசகாமல் ஒப்பிப்பேன். நீ அன்று என்ன சொல்ல வந்தாய் என்பதுதான் எனக்குத் தெரியாது.

அப்பா