தூரத்தை மடித்த மச்சானுக்கு

மச்சான்,

உன் மஞ்சள் மழைக்கோட்டை இன்று காலை வெயிலில் காயப் போட்டேன். டீசலும் கருவாடும் கலந்த அந்த வாசனை இன்னும் விடவில்லை. மூக்கருகே கொண்டுபோனதும் கருக்களாச்சேரிக் கரை என் காலடியிலிருந்து மெல்ல விலகியது. நாம் இருவரும் படகில் இருந்தோம்.

நீ படகின் முனையில் நின்று ஒரு கண்ணை மூடிக்கொண்டு கரையைப் பார்ப்பாய். லைட் ஹவுஸும் அதற்குப் பின்னால் ஊருக்குள் இருக்கும் பள்ளிவாசல் மினாராவும் ஒன்றின் மேல் ஒன்றாக வந்து நிற்கும் நேரில்தான் நம் மீன்பாறை. அப்படிப் பார்ப்பதை நேர் பிடிப்பது என்போம். கடலுக்குப் போகிற எல்லாரும் செய்வதுதான். அதற்குள் வேறொன்று இருப்பதைக் கண்டவன் நீ.

"ரெண்டும் ஒண்ணா நிக்கிறப்ப நடுவுல இருந்த தெருவெல்லாம் எங்க போச்சு மாப்ள?"

"மறைஞ்சிருக்கும்."

"மறையல. வேட்டி மாதிரி மடிஞ்சு கெடக்கு. அந்த மடிப்புல கால வச்சா நேரா அந்தப் பக்கம் எறங்கிடலாம்."

சொன்னது நீ. அதை முழு வித்தையாக ஆக்கியவன் நான். இது தருமபுரம் வரைக்கும் எல்லாருக்கும் தெரியும், நானே சொல்லியிருக்கிறேன். ஆறாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்கு விடை கொடுத்தவன்தான், ஆனால் பட்டம் வாங்கியவர்களே என் முன்னால் டீ ஆறிப்போவது தெரியாமல் கேட்டிருக்கிறார்கள். கட்டை விரலை நீட்ட வேண்டும். இடக்கண்ணை மூட வேண்டும். கிட்டத்துப் பொருளையும் தூரத்துப் பொருளையும் விரல் நுனியில் சேர்த்து, மூச்சை அடக்கி, இமைக்காமல் இருக்க வேண்டும். காற்று கஞ்சி போலத் தடிக்கும். அலை பாதியில் நிற்கும். கடல் பாயைப் போலச் சுருண்டு வரும். காலத்துக்கும் இதே முறைதான்: இன்றைய நாளை முன்னால் வைத்து, போக வேண்டிய நாளை அதன் பின்னால் நிறுத்த வேண்டும். உன் கல்யாணப் பந்தியில் நான் மூன்று முறை சாப்பிட்டது அப்படித்தான்.

ஒரு மாசி மாதக் காலையில் மூன்று மணி நேரத் தூரத்தை நாம் ஒரு பீடி எரிகிற நேரத்தில் கடந்தோம். கரையில் இருந்தவர்களிடம் நான் அதை விளக்கிக்கொண்டிருந்தேன். நீ வலையை உதறியபடி என் காதோடு சொன்னாய்: "மாப்ள, நீ தூங்கிட்ட. நான்தான் ஓட்டியாந்தேன்."

அவர்கள் முன்னால் நீ அதைச் சொல்லவில்லை. கடைசிவரை சொல்லவில்லை.

எங்கள் மகள் கல்யாணத்துக்குத் தாய்மாமன் நீ. மாலை போடும் நேரத்துக்குக் கடலிலிருந்து பிந்தி வந்தாய். ஊரே காத்திருந்து, கடைசியில் வேறு கை அந்த மாலையைப் போட்டது. உன் தங்கை அன்று நிறுத்திய பேச்சை ஒன்றரை வருஷம் தொடங்கவேயில்லை. பிறகு உன்னைப் பாண்டிச்சேரியில் ஆஸ்பத்திரியில் சேர்த்துவிட்டார்கள் என்று போன் வந்தது. அவளுக்குக் கண் ஆபரேஷன் செய்து நான்கு நாள்தான் ஆகியிருந்தது. பஸ்ஸில் போகக் கூடாது.

"ஏங்க, அண்ணங்கிட்ட போயி சொல்லுங்க, எனக்கு மனசுல ஒண்ணுமில்லன்னு. அவரு காதுல விழணும்."

"விழுந்தாச்சுன்னு வச்சுக்க" என்றேன்.

பஸ்ஸில் முன் சீட்டைப் பிடித்தேன். டிரைவர் கண்ணாடியில் தொங்கிய எலுமிச்சம்பழத்தையும் ரோட்டின் கோடியையும் நேர் பிடித்தேன்.

"பெரியவரே, கண்ணுல தூசியா?" என்றார் கண்டக்டர்.

"தூரத்த மடிக்கிறேன் தம்பி."

"மடிங்க, மடிங்க. டிக்கெட்ட மட்டும் முழுசா எடுத்துடுங்க."

கொள்ளிடம் பாலத்தில் ஆறு சரிகை போலச் சுருண்டது. வயல்கள் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிக்கொண்டன. அதன் பிறகு சத்தமே இல்லை. வித்தை பலித்துவிட்டது என்றுதான் நினைத்தேன். கண்ணைத் திறந்தபோது பஸ் ஸ்டாண்டு. ஆஸ்பத்திரி நிறுத்தம் எப்போதோ பின்னால் போயிருந்தது. ஆட்டோ பிடித்துத் திரும்பி, படியேறி ஓடினேன். நர்ஸ் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள்.

"உயிர் போயி பத்து நிமிஷம் ஆச்சுங்க."

தூங்கிவிட்டேன் மச்சான். உன்னிடம்தான் சொல்ல முடிகிறது.

வீட்டுக்குத் திரும்பியபோது உன் தங்கை கறுப்புக் கண்ணாடியோடு வாசலில் நின்றாள். "காதுல விழுந்துச்சா?" என்று மட்டும் கேட்டாள்.

"விழுந்துச்சு. சிரிச்சாரு."

அதற்குப் பிறகுதான் அவள் அழுதாள்.

இரண்டு வருஷமாகக் கேட்டுக்கொண்டே இருக்கிறாள், நானும் சொல்லிக்கொண்டே இருக்கிறேன். முதல் முறை சொன்னதில் நீ சிரித்தாய். ஆடியில் சொன்னபோது அவள் கண் எப்படி இருக்கிறது என்று விசாரித்தாய். பொங்கலில் சொன்னபோது அவள் வைக்கிற சுறாப்புட்டைக் கேட்டாய். நான் யோசிப்பதற்கு முன்பே இப்போதெல்லாம் உன் குரல் வந்துவிடுகிறது. நான் தவறவிட்ட பத்து நிமிஷம் அறுந்துபோகாமல் எங்கோ நீண்டுகொண்டே போகிறது. அதற்குள் உன் கட்டிலோரம் உட்கார்ந்திருக்கிறேன். ஜன்னலில் வெயில் நகரவே இல்லை.

ஊருக்கு நான் எவ்வளவோ கதை சொல்லியாகிவிட்டது. அவள் என்னிடம் கொடுத்தனுப்பியது ஒரே ஒரு பேச்சு. அது இன்னும் என் கையில்தான் இருக்கிறது. எந்த வித்தைக்கும் அதை உன்னிடம் சேர்க்கத் தெரியவில்லை. அதனால் இங்கே எழுதுகிறேன்.

அவள் மனசில் ஒன்றுமில்லை மச்சான்.