டம்ளர் அடியில் பழம்

மே, ஞாயிறு ராத்திரி

இவ்வளவு நேரங்கழிச்சு எழுதுறேன், மன்னிச்சிடுங்க. துபாய்ல நீங்க நைட் ஷிப்ட், போனை எடுக்கல. மெசேஜுக்கும் ஒரே டிக்தான். அதான் உங்ககிட்ட பேசுற மாதிரி நோட்டுல எழுதுறேன்.

மூத்தவ சர்ச்சுல முதல் நற்கருணை வாங்கின புதுநன்மை விருந்துக்கு நான்தான் பஞ்ச் செஞ்சேன். அன்னாசியும் தர்பூசணியும் காலையிலிருந்தே ஒயின்ல ஊறுச்சு. பிள்ளைங்களுக்குத் தனியா ஜூஸ் வச்சேன். பெரியவங்க குடிச்சிட்டுப் பழத்தை டம்ளர்லயே விட்டுட்டாங்க. நம்ம ஜோயல் அதையெல்லாம் பொறுக்கித் தின்னுட்டான். மூணு வயசுங்க.

"ஒயினையா குடிச்சான், பழந்தானே! படிச்ச பொண்ணு, இதுக்குப் போய் அழுவுற. விருந்து வீட்ல ஊரைக் கூட்டாத"ன்னு உங்கம்மா சிரிக்கிறாங்க. ஒயினை முழுக்கக் குடிச்சதே அந்தப் பழம்தான்னு சொன்னா நம்பல.

ஏழு மணிக்குப் படுத்தவன் புரளக்கூட இல்ல. மூக்குகிட்ட விரலை வச்சு வச்சுப் பாக்குறேன். எழுப்பட்டுமா? ஆஸ்பத்திரிக்குத் தூக்கிட்டு ஓடட்டுமா? ஏதாவது ஒண்ணு சொல்லுங்க. சீக்கிரம் பதில் போடுங்க.