கதவு தட்டும் இடம்

திருவொற்றியூர்
12.8.2024

பெனிட்டோவுக்கு,

நலம் விசாரிக்க மனமில்லை. உன் அழைப்பை எடுக்கப் போவதில்லை, அதனால் தபால்.

நேற்று உன் குறும்படத்தைப் பார்த்தேன். ஒருவன் நாற்காலியில் உட்கார்ந்தே இருக்கிறான், வசனமில்லை. தனிமையின் உள்ளறை என்று யாரோ மேடையில் பேசினார்கள். என் வீடு, என் நாற்காலி, நான். அதில் வருத்தமில்லை. கொஞ்ச நாளாக எதற்குமே வருத்தம் வருவதில்லை.

கதவு தட்டும் இடத்தைத்தான் கேட்கிறேன். அன்று ஷாட் முடிந்ததும் யாரது என்றேன். கூரியர் என்றாய். தலைக்கு மேல் ஃபேன் கடகடத்ததில் எனக்குத் தட்டல் மட்டுமே கேட்டிருந்தது. நேற்று அரங்கில், கண்டெய்னர் லாரியின் இரைச்சலுக்கு அடியில் ஒரு குரல். அம்மாவோடு தனியாக இருக்கும் என் மகள் சாரா. அப்பனுக்கு ஒரு வார்த்தை சொல்லாமல் கல்யாணம் செய்துகொண்டாள் என்று மூன்று மாதமாக நான் ஏசுகிறேனே, அவள்தான்.

முழு ஒலிப்பதிவையும் அனுப்பு.

ஆன்றோ


ராயபுரம்
17.8.2024

அன்பு மச்சான் ஆன்றோ,

பென்டிரைவ் இத்துடன் இருக்கிறது. லாரிச் சத்தத்துக்காக வாசலில் மைக் வைத்திருந்தேன். ஹெட்போனில் அவள் பேசியது எனக்குத் தெளிவாகவே கேட்டது. ஆனால் தட்டியபோது உன் முகத்தில் ஒன்றுமே அசையவில்லை மச்சான். அந்த முகத்தை எந்த நடிகனும் தரமாட்டான். கட் சொல்ல வாய் வரவில்லை. அப்புறம் சொல்லிக்கலாம் என்று தள்ளிப்போட்டேன். தள்ளத் தள்ளச் சொல்ல முடியாமல் போனது.

வேண்டாமென்றால் அந்த இடத்தை வெட்டிவிடுகிறேன். வீட்டுக்கு வந்து பேசட்டுமா?

உன்
பெனிட்டோ


திருவொற்றியூர்
24.8.2024

பெனிட்டோ,

கேட்டேன்.

“அப்பா, உள்ளதானே கீற? ஃபேன் சத்தம் கேக்குது. கல்யாணப் பத்திரிகைய உன் கையில குடுக்கணும்னு வந்தேன். நான் வந்தது அம்மாக்குத் தெரியாது.” கொஞ்ச நேரம் லாரி மட்டும். “சரி. தொறக்க மாட்ட.”

பிறகு செருப்பு படியிறங்குகிறது. அது தெருவுக்குப் போகும் முன்பே உள்ளே நீ “டேக் ஓகே” என்கிறாய்.

வெட்டாதே. அவள் வந்ததற்கு வேறு சாட்சி இல்லை.

சாராவை அழைத்தேன். மணி அடித்து நின்றது. மறுநாளும் அப்படித்தான்.

பகலெல்லாம் கதவைத் திறந்தே வைத்திருக்கிறேன். லாரித் தூசி நாற்காலி வரைக்கும் வருகிறது. வரட்டும்.

நீ வராதே.

ஆன்றோ