நீல நூல் இல்லாத கடிதங்கள்

லின்டன்ரோட், ஹெஸ்ஸன்
1853 ஆகஸ்ட் 14, ஞாயிறு

என் அருமை மகன் ஹார்ட்மனுக்கு,

அம்மா ஆசீர்வதித்து எழுதுவது. ஆண்டவர் கிருபையால் நான் இங்கே நலமாக இருக்கிறேன், கடலுக்கு அந்தப் பக்கம் நீயும் சுகத்தோடு இருக்க வேண்டும் என்று ஞாயிறு தவறாமல் கோயிலில் உனக்காக ஜெபம் பண்ணுகிறேன். உன் கடைசிக் கடிதம் ஜனவரியில் வந்தது, பதில் போட இத்தனை மாதம் ஆனதற்குக் காரணம் இருக்கிறது, அதைத்தான் இந்தத் தாள் முழுக்க எழுதப் போகிறேன், நின்றுகொண்டு படிக்கிறாய் என்றால் முதலில் உட்கார். முக்கியமானதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், எனக்கு இப்போதெல்லாம் எழுத எழுதக் கை சோர்ந்து போகிறது. உன் தங்கை டோரெட்டாவும் மாப்பிள்ளை வெல்ட்டனும் குழந்தை ஈவாவும் அடுத்த திங்கள் ஊரை விட்டுப் புறப்படுகிறார்கள். பிரேமனில் ஏறுகிறார்கள், கப்பல் பெயர் ஹெர்மினா, பால்டிமோருக்குத்தான் வருகிறது, பாய்மரக் கப்பல் என்பதால் அக்டோபர் பாதிக்கு மேல் ஆகும் என்கிறார்கள். இந்தக் கடிதம் நீராவிக் கப்பலில் வருவதால் அவர்களுக்கு முன்னால் உன் கைக்குக் கிடைத்துவிடும். நீ துறைமுகத்தில் போய் நிற்க வேண்டும். எனக்கு வேண்டியது அவ்வளவுதான், மற்றதெல்லாம் ஏன் என்பதற்கான கதை.

நீ கிளம்பிய அன்று நான் நூற்று நீலச் சாயம் போட்ட நூல்கண்டு ஒன்றை உன் சட்டைப் பைக்குள் திணித்தேன், மறந்திருக்க மாட்டாய். எழுதியது உண்மை என்றால் தாளின் கீழ் ஓரத்தில் ஒரு தையல் போடு, உண்மை இல்லையென்றால் போடாதே என்று சொன்னேன். கப்பல் ஏஜெண்டு ஒருவன் யாரோ எழுதியதுபோலக் கடிதம் ஜோடித்து மேலத்தெருவில் ஒன்பது வீட்டைக் கிளப்பிக்கொண்டு போன பிறகு நம் ஊரில் அமெரிக்கா போகிற ஒவ்வொரு பிள்ளையோடும் தாய் தகப்பன் இப்படி ஓர் அடையாளம் பேசி வைக்கிறார்கள், ஒரு வீட்டில் மடித்த மூலை, ஒரு வீட்டில் மெழுகுச் சொட்டு. அடையாளம் இல்லாத கடிதத்தை இப்போது யாரும் காதில் போட்டுக்கொள்வதில்லை. உன் முதல் கடிதத்தில் நூல் இருந்தது. ரொட்டிக் கடைக்காரர் ஒருவரின் நிலவறையில் மாவு மூட்டை மேல் படுக்கிறேன், கால் வீங்கியிருக்கிறது, ஆனால் பசி இல்லை அம்மா என்று எழுதியிருந்தாய். முடிச்சு பட்டாணி அளவுக்குத் தடித்திருந்தது, உன் அப்பா எத்தனை குட்டு வைத்தும் உனக்கு நெசவு முடிச்சு வரவே இல்லை. அந்தக் கடிதத்தை நான் யாருக்கும் காட்டவில்லை, தறிக்கடியில் உட்கார்ந்து அழுதேன், ஆனாலும் அது நிம்மதியான அழுகை.

அதற்குப் பிறகு வந்த மூன்றிலும் நூல் இல்லை. ஒஹாயோவில் எண்பது ஏக்கர், இரண்டு பசு, மூன்று வேளையும் இறைச்சி, எந்தத் துரைக்கும் தொப்பியைக் கழற்ற வேண்டாம் என்றெல்லாம் எழுதினாய். உறையில் முத்திரை மட்டும் பால்டிமோர். மடிப்பில் விரலை ஓட்டினேன், வெள்ளையாக ஒட்டியது, நாக்கில் வைத்துப் பார்த்தேன், கோதுமை மாவு. எனக்குக் கோபம் வரவில்லை ஹார்ட்மன், சத்தியமாக வரவில்லை. ஊர் கேட்பதற்காக ஒன்றை எழுதிவிட்டு, நூலை மட்டும் தைக்காமல் விட்டு எனக்கு உண்மையைச் சொல்லியிருக்கிறாய் என்று புரிந்துகொண்டேன். நூலையும் தைத்துப் பொய் சொல்ல உனக்கு மனம் வரவில்லை. எனக்கு வந்தது.

நடந்தது இதுதான். ஜனவரிக் கடிதம் வந்த செய்தி எனக்கு முன்னால் ஊருக்குத் தெரிந்துவிட்டது, அடுத்த ஞாயிறு கோயில் முடிந்ததும் வழக்கம்போல எல்லோரும் ஷ்டும்பின் பீர்க்கடையில் கூடிவிட்டார்கள், வாத்தியார் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு படிக்கத் தயாராக உட்கார்ந்திருந்தார். முன்னால் வந்த இரண்டு கடிதங்களையும் ஏதோ சாக்குச் சொல்லி வெளியே எடுக்காமல் வைத்திருந்தேன், ஷ்டும்ப் அதைக் குத்திக் காட்டியே பிழைத்துக்கொண்டிருந்தான். "என்னக்கா, உன் பையன் கடுதாசி எழுதுறானா இல்ல நீயே எழுதி நீயே படிச்சுக்குறியா" என்று அதற்கு முந்தின வாரம்தான் எல்லோர் முன்னாலும் கேட்டான், அவன் பெண்டாட்டி ஏப்ரனால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். அதனால் அன்றைக்குக் கோயிலுக்குக் கிளம்பும் முன் ஊசியை எடுத்தேன். மிச்சமிருந்த நீல நூலில் ஒரே ஒரு தையல், மூச்சு விடுகிற நேரம்கூட ஆகவில்லை. கடைக்குள் நுழைந்ததுமே ஷ்டும்ப் "மொதல்ல நூலக் காட்டுக்கா, அப்புறமா கதையக் கேப்போம்" என்றான், வாத்தியார் தாளை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்து ஓரத்தைத் தடவிப் பார்த்து "இருக்குப்பா, இருக்கு" என்றார். அடுப்புப் பக்கம் தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு மாப்பிள்ளை நின்றிருந்தார். எண்பது ஏக்கர் என்று வாத்தியார் படித்தபோது அவர் முகத்தை நான் பார்த்தேன், பார்க்காமல் இருந்திருக்கலாம் என்று இன்று வரை நினைக்கிறேன்.

திங்கட்கிழமையே அவர் ஊர்த் தலைவர் வீட்டுக்குப் போய்விட்டார். நம் ஊரில் இதற்கெல்லாம் மாதக்கணக்கில் இழுப்பார்கள், ஆனால் ஏழைக் குடும்பம் ஒன்று தொலைகிறது என்றால் மட்டும் எல்லாம் சுறுசுறுப்பாக நடக்கும். இன்னார் நாட்டை விட்டுப் போகிறார், அவர் மேல் வழக்குள்ளவர்கள் வாருங்கள் என்று பத்திரிகையில் மூன்று தடவை போட்டார்கள், யாரும் வரவில்லை, ஊர்ப் பதிவேட்டில் அவர்கள் பெயர் மேல் கோடு போட்டாகிவிட்டது. இனி திரும்பி வந்தாலும் இந்த ஊர் அவர்களுக்குச் சொந்த ஊர் இல்லை. வீட்டை விற்று என் சமையலறையில்தான் இப்போது மூன்று பேரும் படுக்கிறார்கள். மாப்பிள்ளை உன் எண்பது ஏக்கருக்காகக் கோதுமை விதை ஒரு சின்ன மூட்டை கட்டியிருக்கிறார், பழைய அரிவாள் அலகைத் தீட்டி எண்ணெய் போட்டுத் துணியில் சுற்றி வைத்திருக்கிறார். "மச்சான் தனியா எப்படித்தான் அறுப்பாரு அத்தை, நான் போயி எறங்குனா பாதிப் பாரம் கொறஞ்சுடும்" என்று தினம் ஒரு தடவை சொல்கிறார். ஈவாவிடம் உன் மாமாவின் பசுக்களுக்கு என்ன பெயர் வைக்கலாம் என்று கேட்கிறார், அது ஒன்றுக்கு முள்ளங்கி என்று வைத்திருக்கிறது. நான் சிரித்துக்கொண்டே பாத்திரத்தைத் தேய்ப்பேன். நாலைந்து தடவை வாயைத் திறந்து மூடியிருக்கிறேன்.

போன வியாழன் ஊர் அடுப்பில் எங்கள் முறை வந்தது. கப்பலுக்கான ரொட்டியை வெட்டி இரண்டாம் தடவை சுட்டுக் காய வைத்துக்கொண்டிருந்தோம், நானும் டோரெட்டாவும் மட்டும். அவளுக்கு இது ஆறாம் மாதம், உனக்கு எழுதியிருக்க மாட்டாள். குனிந்து தட்டைத் தள்ள முடியாமல் இடுப்பைப் பிடித்துக்கொண்டு நின்றாள், அதைப் பார்த்ததும் எனக்கு அடக்க முடியவில்லை, எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன், ஒஹாயோ பொய், எண்பது ஏக்கர் பொய், உன் அண்ணன் ரொட்டிக் கடையில் மாவு பிசைகிறான், அந்த நூலை நான்தான் தைத்தேன் என்று. அவள் ரொட்டித் துண்டுகளைத் திருப்பிப் போடுவதை நிறுத்தவே இல்லை. "தெரியும்மா" என்றாள். "அன்னிக்கே வாத்தியார் கையிலேருந்து வாங்கித் திருப்பிப் பாத்தேன். பின்னால நெசவு முடிச்சு. அண்ணனுக்கு எந்தக் காலத்துல முடிச்சுப் போட வந்துச்சு?" என்றாள். தெரிந்துமா வீட்டை விற்றீர்கள் என்று கத்தினேன். அதற்கு அவள் சொன்னதை அப்படியே எழுதுகிறேன், நீ தெரிந்துகொள்ள வேண்டும். "அவருக்குத் தெரியாது, நீயும் சொல்லாத. அவருக்குக் கெளம்ப ஒரு காரணம் வேணும், எண்பது ஏக்கர் இருந்தாத்தான் கெளம்புவாரு. எனக்கு எண்பது ஏக்கர் வேணாம்மா. குட்டி யோஸ்டைப் பொதைச்ச மண்ணு இன்னும் அமுங்கல, இங்கயே இருந்தா இதையும் அங்கதான் கொண்டு வெக்கணும். அண்ணன் முதக் கடுதாசியில பசி இல்லன்னு எழுதியிருந்துச்சு, நீ தறிக்கடியில ஒளிச்சு வெச்சத நான் எடுத்துப் படிச்சேன். அதுல நூல் இருந்துச்சுல்ல, அது போதும் எனக்கு."

உன்னிடம் சொல்லாமல் வைத்திருந்த செய்தி இது, போன டிசம்பரில் அவளுடைய இரண்டாவது குழந்தை யோஸ்ட் போய்விட்டது, பதினோரு மாதம், உருளைக்கிழங்கு எல்லாம் குழியிலேயே அழுகிப்போய் அவளுக்குப் பால் வற்றிவிட்டது. எழுதினால் நீ அங்கே என்ன செய்ய முடியும் என்று எழுதவில்லை. பார், நானும் உன்னைப் போலத்தான். அன்றைக்கு ஊர் அடுப்படியில் நான் பேச வாய் திறந்தபோது புகை நெஞ்சில் ஏறி இருமல் வந்துவிட்டது, டோரெட்டா நிமிர்ந்து பார்த்தாள், புகைடி என்றேன், அவள் திரும்பவும் ரொட்டியைத் திருப்ப ஆரம்பித்தாள்.

ஆகவே நீ செய்ய வேண்டியது என்னவென்றால், ஹெர்மினா எப்போது வருகிறது என்று துறைமுகத்தில் விசாரித்துக்கொண்டே இரு, கடைக்காரரிடம் இப்போதே சொல்லி வை, அன்றைக்கு மாவு கொஞ்சம் புளித்துப் போனாலும் பரவாயில்லை என்று சொல். நல்ல கோட்டு இரவல் வாங்கிப் போட்டுக்கொண்டு போகாதே, ரொட்டிக் கடைச் சட்டையோடு போய் நில், கையில் ஒரு ரொட்டி சூடாக எடுத்துக்கொண்டு போ, ஏழு வாரம் காய்ந்த ரொட்டியைத் தண்ணீரில் நனைத்துத் தின்றிருப்பார்கள். மாப்பிள்ளை மூட்டையைப் பிரித்து அரிவாள் அலகைக் காட்டுவதற்கு முன்னால் நீயே வாயைத் திறந்து சொல்லிவிடு. அவர் கோபப்படுவார், அடித்தாலும் அடிப்பார், வாங்கிக்கொள், பாதி அடி எனக்குச் சேர வேண்டியது. பழியைத் தூக்கி என் மேல் போடு, கடலைத் தாண்டி வந்து அவர் என்னை என்ன செய்துவிடப் போகிறார். வெட்கப்பட்டு வராமல் மட்டும் இருந்துவிடாதே. நிறைமாத வயிற்றோடு பாஷை தெரியாத ஊரில் அவள் கூட்டத்தில் உன் முகத்தைத் தேடிக்கொண்டு நிற்கக் கூடாது. மாவு மூட்டை மேல் இன்னும் மூன்று பேருக்கு இடம் இருக்குமா என்று கேட்டுப் பார், இல்லையென்றால் பக்கத்தில் எங்காவது. மாப்பிள்ளை வேலைக்கு அஞ்சாதவர், முன்கோபம் மட்டும்தான்.

என்னையும் வரச்சொல்லித்தான் கூப்பிட்டார்கள், ஊர்த் தலைவரும் "போயேன் கேத்தரின், இங்க யாரு இருக்கா ஒனக்கு" என்று மிகவும் அக்கறையாகக் கேட்டார், நானும் போய்விட்டால் ஏழைகள் பட்டியலில் ஒரு பெயர் குறையும் அல்லவா. வரவில்லை என்று சொல்லிவிட்டேன். தறியை யார் பார்ப்பது என்று டோரெட்டாவிடம் சாக்குச் சொன்னேன். இங்கிலாந்து இயந்திரத் துணி வந்த பிறகு அந்தத் தறியை யார் பார்த்தால் என்ன, பார்க்காவிட்டால் என்ன, அது அவளுக்கும் தெரியும், ஆனால் அதற்கு மேல் கேட்கவில்லை. ஷ்டும்ப் இப்போதெல்லாம் என்னைக் கண்டால் எழுந்து நின்று வணக்கம் சொல்கிறான், எண்பது ஏக்கர்க்காரனின் அம்மா ஆயிற்றே.

வேளைக்குச் சாப்பிடு, காலை நனைய விடாதே, அடுப்பு வெக்கையிலிருந்து அப்படியே குளிர் காற்றுக்குப் போகாதே. அந்த ஊரிலும் கோயில் இருக்கும், போய் வா. ஆண்டவர் உன் போக்கையும் வரத்தையும் காத்து, உங்கள் நாலு பேரையும், வரப்போகிற ஐந்தாவதையும் ஒரே கூரையின் கீழ் வைத்து ஆசீர்வதிக்கட்டும். ஹெர்மினா, அக்டோபர் பாதிக்கு மேல், மறந்துவிடாதே.

இந்தத் தாளின் கீழ் ஓரத்தில் நூல் தைத்திருக்கிறேன், திருப்பிப் பார், நெசவு முடிச்சுதான். இதில் உள்ளதெல்லாம் உண்மை, நான் நலம் என்று ஆரம்பத்தில் எழுதியதைத் தவிர. அது எல்லோரும் எழுதுவது, கை தானாக எழுதிவிட்டது. ஈஸ்டரிலிருந்து இருமும்போது ரத்தம் வருகிறது, பனிக்காலம் தாண்டாது என்று வைத்தியர் சொல்லிவிட்டார். டோரெட்டாவுக்குத் தெரியாது, தெரிந்தால் திங்கட்கிழமை வண்டியில் ஏற மாட்டாள். கப்பலை விட்டு இறங்கியதும் அம்மா கடிதம் போட்டாளா என்றுதான் முதலில் கேட்பாள். போட்டாள், நலமாக இருக்கிறாளாம் என்று சொல். நூல் இருந்ததா என்று கேட்டால், இருந்தது என்று சொல்.

என்றும் உன் நினைவாக,
உன் அம்மா
கேத்தரின்