சரசு கைப்பிடியைச் சுற்றிய அன்று

என் அருமை மாப்பிள்ளைக்கு,

நீ இல்லாமல் ஒரு பொங்கலும் போய்விட்டது. என் தங்கை சரசுவைக் கட்டிய உறவு பிற்பாடு வந்தது. அதற்கு முன்பே நாம் வேலந்தாவளம் டூரிங் டாக்கீஸில் மணல் குவித்து உட்கார்ந்தவர்கள். அதனால் உன்னைத் திட்டுகிற உரிமை எனக்கு இன்னும் உண்டு. போய்ச் சேர அப்படியென்ன அவசரம் உனக்கு?

உன் படத்தைச் சரசு பார்க்க வேண்டுமாம். கஞ்சிக்கோட்டில் வேலை முடிந்து வந்து, பழைய பிலிம் ரீலைக் கழுவி வெறுமையாக்கி, கட்டம் விட்டுக் கட்டம் கருப்பு மை பூசினாயே, அந்தப் படம்தான். கதையில்லை, ஆளில்லை. கையால் சுற்றும் புரொஜெக்டரில் நீ ஓட்டினால் வெள்ளைச் சுவர் படபடவென்று துடிக்கும். துடிப்பு ஒரு தாளத்தில் விழுந்ததும் ரீலில் இல்லாத நிறம் எழும்பும். எனக்குப் பச்சை, உனக்கு ஊதா. அதற்கு நாம் போட்ட சண்டை ஊருக்கே கேட்டது. "கலர் வேணும்னா கோயமுத்தூருக்கு பஸ் ஏறு" என்று உன்னைக் கிண்டல் செய்தவனும் நான்தான்.

போன ஞாயிறு மத்தியானம் கதவைச் சாத்திவிட்டு நான் சுற்றினேன். வேகமாகவும் மெதுவாகவும் சுற்றிப் பார்த்தேன். வெறும் கருப்பு வெள்ளை, கண் கூசியதுதான் மிச்சம். உன் நிறமும் உன்னோடு போய்விட்டதே என்று எனக்கு அழுகை வந்துவிட்டது.

"ஏனுங்ணா, அவுங்க இப்படிச் சுத்தமாட்டாங்க" என்றாள் சரசு. "கைப்பிடி மேல வர்றப்ப தோளு கொஞ்சம் இழுக்குமுங்க. அப்பறந்தான் எறக்குவாங்க."

தென்னையிலிருந்து விழுந்து அடிபட்ட உன் வலது தோள். நான் மறந்தே போயிருந்தேன்.

"உனக்கெப்படித் தெரியும்?"

"நா எங்கீங்ணா செவுத்தப் பாத்தேன்? அவுங்களத்தான பாத்துட்டிருந்தேன்."

அவளே வந்து கைப்பிடியைப் பிடித்தாள். தாளம் தப்பிவிடக் கூடாதென்று கண்ணை இறுக மூடிக்கொண்டு சுற்றினாள். வந்தது மாப்பிள்ளை, சுவர் முழுக்கப் பச்சை! ஓரத்தில், சத்தியமாகச் சொல்கிறேன், உன் ஊதாவும் இருந்தது.

"வந்துச்சுங்ளாண்ணா?"

"வந்துச்சு கண்ணு."

கண்ணைத் திறந்தாள், கை தடுமாறிற்று. அவள் பார்ப்பதற்குள் நிறம் போய்விட்டது. மறுபடி சுற்றினாள், மறுபடியும் அப்படியே.

இனி ஞாயிறுதோறும் அவள் சொல்லச் சொல்ல நான் பழகுகிறேன். உன் தோளின் இழுப்பு என் தோளுக்கு எப்போது வருமோ தெரியாது, வரும்வரை விடமாட்டேன். வந்ததும் அவளைச் சுவருக்கு எதிரே உட்கார வைப்பேன். அப்போதும் சுவரை விட்டுவிட்டு, சுற்றுகிற கையைத்தான் பார்ப்பாளோ என்னவோ. பார்த்தால் பார்க்கட்டும், நான் சுற்றிக்கொண்டே இருப்பேன்.

உன்னைத் திட்ட ஆளில்லாமல் தவிக்கும்
உன் மச்சான்,
ஆறுச்சாமி