வீட்டில் நீ, படத்தில் நீங்கள்

ஹால்பெர்ஷ்டாட்,
12 நவம்பர் 2006

அன்பு மகள் ஆன்கேவுக்கு,

அம்மா எழுதுவது. இங்கே நான் நலம். பெர்லினில் நீயும் நலமாகத்தான் இருப்பாய். போனை எடுத்தால்தானே தெரியும்! தோட்டத்தில் இந்த வருடம் பிளம் பழம் கொள்ளை. பாட்டில் பாட்டிலாகப் போட்டு வைத்திருக்கிறேன், தின்னத்தான் ஆளில்லை.

விஷயத்துக்கு வருகிறேன். டிசம்பர் ஐந்தாம் தேதி அப்பாவுக்கு மாக்டெபுர்க்கில் இதய அறுவை சிகிச்சை. பயமில்லை என்கிறார் டாக்டர். அவருக்கென்ன, சொல்வார். அதற்கு முன் நீ ஒரு தடவை வர வேண்டும்.

மார்ச்சில் உன் ஆவணப்படம் நம் ஊரில் ஓடிய நாளோடு நின்றதுதான் உன் வரவு. சுரங்கத் தொழிலாளர்கள், போரில் வீடிழந்து வந்த பெண்கள், மூடிப்போன நூற்பாலை என்று பதினைந்து வருடமாக இந்த நாட்டின் கதையைத் தோண்டினாய். ஒவ்வொரு படத்துக்கும் அப்பா முதல் வரிசையில் இருந்தார். கடைசியில், மேற்கு ஜெர்மனிக்கு யாரும் தப்பாமல் எல்லையைக் காத்த நம் பழைய கிழக்கு ஜெர்மனிக் காவலர்களைப் பற்றி எடுத்து, அவரையே கேமரா முன் உட்கார வைத்தாய்.

கேமரா முன் உட்காருபவர் யாரானாலும் ‘நீங்கள்’ என்பது உன் தொழில் விதி. அதற்காக அப்பாவையுமா? நம் வீட்டில் பிறந்ததிலிருந்து அவருக்கும் ‘நீ’, எனக்கும் ‘நீ’. ‘நீங்கள்’ எல்லாம் தபால்காரருக்கு. “தப்பி ஓடினவரை நீங்க சுட்டீங்களா?” என்று கேட்டாய். “ஆமாங்க, சுட்டேன். கால்ல பட்டுது” என்றார். பெற்ற மகளுக்கு ‘ஆமாங்க’! படம் ஓடும்போதே பக்கத்து வீட்டு இல்ஸா என் காதருகே வந்து, “என்னடி, உன் மக அப்பனை விசாரணைக்கு வந்த அதிகாரி மாதிரி கேக்கறா” என்றாள். எனக்குச் சிரிக்கவும் வரவில்லை, அழவும் வரவில்லை.

முப்பத்தெட்டு வருடம் பக்கத்தில் படுத்த எனக்கே அன்றுதான் தெரியும். மூன்று நாள் நானும் பேசவில்லை. எத்தனை நாள்தான் வாயை மூடிக்கொண்டு உருளைக்கிழங்கு உரிப்பது? நான்காம் நாள் கேட்டே விட்டேன், என்னிடம் சொல்லாததை அவளிடம் ஏன் சொன்னாய் என்று.

“அவ நீங்கன்னு கேட்டா. யாரோ கேக்கற மாதிரி இருந்துது, சொல்லிட்டேன். மகளா கேட்டிருந்தா வாயே வந்திருக்காது” என்றார். பிறகு, “இன்னும் அவ மகளா ஒண்ணுமே கேக்கல” என்றார்.

உன்னால் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை. எனக்குப் புரிகிறது. ஆனால் ஞாயிறு தவறாமல் காபிக்கு மூன்று கோப்பை வைக்கிறார். இன்றும் வைத்தார். மூன்றாவதை நான் கழுவாமலே உள்ளே வைத்தேன். எனக்கு உன்னைப் பார்க்க வேண்டும் போலிருக்கிறது, அடி பெண்ணே.

வா. கேமராவைப் பெர்லினிலேயே விட்டுவிட்டு வா. மன்னிக்கச் சொல்லவில்லை. திட்ட வேண்டுமென்றாலும் திட்டு. ‘நீ’ என்றே திட்டு.

உன் வழியைப் பார்த்திருக்கும்
அம்மா ரோஸ்வித்தா