ஓடு உடையாத மல்லாட்டை

கூட்டேரிப்பட்டு,
ஈஸ்டர் கழிந்து மூன்றாம் வியாழக்கிழமை.

அன்புள்ள மகன் அலெக்ஸுக்கு அம்மா எழுதுவது. இங்கே நான், அப்பா, உன் தம்பி தென்னரசு மூன்று பேரும் இருக்கிறோம், சாப்பிடுகிறோம், தூங்குகிறோம். நலம் என்று எழுதத்தான் பேனாவை எடுத்தேன், பொய் எழுத மனசு வரவில்லை. நீ சார்ஜாவில் உடம்புக்கு ஒன்றும் இல்லாமல் இருக்க வேண்டும் என்று மாதாவிடம் தினமும் கேட்கிறேன், அதில் ஒரு குறையும் வைக்கவில்லை. அதற்குமேல் இந்தக் கடிதத்தில் இனிப்பாக எதுவும் இருக்காது. போனில் பேசினால் நான் கத்துவேன், நீ சிக்னல் இல்லை என்று வைத்துவிடுவாய். அதனால்தான் லீவு முடிந்து திரும்புகிற நம் தெரு ரஞ்சித்திடம் எழுதிக் கொடுத்தனுப்புகிறேன். முழுசாகப் படி.

போன வாரம் உன் ரோஜா அத்தை விழுப்புரத்திலிருந்து பஸ் ஏறி வந்து வாசலில் நின்று அழுதாள். உள்ளே வா என்று நான் சொல்லவில்லை. அந்தப் பொடிக்குக் காசு போட்டது, கூரியரில் அவள் வீட்டுக்கு வரவழைத்தது, அம்மாவுக்குத் தெரிய வேண்டாம், தம்பிக்குக் குழம்பில் கலந்து கொடுத்துவிடு என்று சொன்னது எல்லாம் நீதான் என்று கொட்டிவிட்டாள். "பெரியவன் சொல்லித்தான் அண்ணி செஞ்சேன், எனுக்கு இன்னா தெரியும்" என்றாள். அவளைப் பார்க்கவே எனக்கு அருவருப்பாக இருந்தது, உன்னை நினைத்தால் அதைவிட. ஈஸ்டர் அன்றைக்குப் போன் செய்து "தம்பி ஏம்மா திரும்ப இப்பிடி ஆயிட்டான், மாத்திரை ஒழுங்கா குடுக்கலியா" என்று என்னையே கேட்டாயே, அந்தக் குரல் திரும்பத் திரும்பக் காதுக்குள் வந்தது. செய்வதையும் செய்துவிட்டு என்னிடம் கணக்கு கேட்க உனக்கு எப்படி வாய் வந்தது?

உனக்கு எதுவும் ஒழுங்காகத் தெரியாது, தெரிந்துகொள்ள நீ கேட்டதும் இல்லை, அதனால் முதலிலிருந்து சொல்கிறேன். ஒரகடம் கம்பெனியிலிருந்து போன மழைக்காலத்தில் தென்னரசு சொல்லாமல் கொள்ளாமல் வந்தபோது ஆளே பாதியாக இருந்தான். கேன்டீன் சோற்றில் எதையோ கலக்கிறார்கள் என்றான். இரண்டு பேர் காதுக்குள் பேசிக்கொண்டே இருக்கிறார்கள், இன்றைக்குப் போட்டுவிட்டோம் நாளைக்கு முடிந்துவிடுவான் என்கிறார்கள் என்றான். குளிக்கமாட்டான், ஜன்னலைத் திறக்கவிடமாட்டான், விடிய விடிய உட்கார்ந்தே இருப்பான். தெருவில் ஒருத்தி பேய் என்றாள், ஒருத்தி கஞ்சா என்றாள், துக்கம் விசாரிக்க வருகிற மாதிரி வந்து என் பிள்ளையை எட்டி எட்டிப் பார்த்துவிட்டு என் வீட்டு டீயையும் குடித்துவிட்டுப் போனார்கள். தூ. அப்பா வேலைக்குப் போகாமல் அவனைக் கையைப் பிடித்து முண்டியம்பாக்கம் பெரியாஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனார். அங்கே இருந்த டாக்டரம்மா எங்களை உட்கார வைத்துப் பொறுமையாகச் சொன்னார்கள். இதற்கு சைக்கோசிஸ் என்று பேர், சர்க்கரை மாதிரி பிரஷர் மாதிரி இதுவும் உடம்பில் வருகிற நோய்தான், என்ன, மூளையில் வருகிறது, வளர்ப்பும் காரணமில்லை பேயும் காரணமில்லை என்றார்கள். அவனுக்குக் கேட்கிற குரல் அவனுக்கு நிஜம், அப்படி ஒன்றும் இல்லை என்று சண்டைக்கு நிற்காதீர்கள், ஆமாம் என்று தலையையும் ஆட்டாதீர்கள், எனக்குக் கேட்கவில்லை ஆனால் உனக்குப் பயமாக இருக்கிறது என்று தெரிகிறது, நான் பக்கத்தில் இருக்கிறேன் என்று மட்டும் சொல்லுங்கள் என்றார்கள். நான் சொல்லிப் பார்த்தேன். அன்றைக்குத்தான் அவன் என் தோளில் சாய்ந்து அழுதான்.

மாத்திரை ஆரம்பித்ததும் எப்போதும் தூக்கம், தலையணை எல்லாம் எச்சில், உடம்பு ஊதிப்போனது. நிறுத்திவிடலாமா என்று அப்பா கேட்டார். நானும் அவனும் போய் டாக்டரம்மாவிடமே சொன்னோம், அளவைக் குறைத்து மாற்றிக் கொடுத்தார்கள். கிறிஸ்துமஸ் வருவதற்குள் அந்தக் குரல்கள் தூரமாகப் போய்விட்டன என்றான். பொங்கலுக்கு அப்புறம் திண்டிவனத்தில் ஒரு லேத் பட்டறையில் அரை நாள் வேலைக்குச் சேர்ந்தான். எல்லாவற்றையும்விட என் கையால் சோறு தின்ன ஆரம்பித்தான். பள்ளிக்கூடத்துச் சத்துணவில் அத்தனை பிள்ளைகளுக்கும் ஆக்கிப் போடுகிறவள் நான், என் வயிற்றில் பிறந்தது என் தட்டைத் தொடாமல் மோந்து மோந்து பார்த்து வைத்தபோது எனக்கு எப்படி இருந்திருக்கும் என்று நீ நினைத்துப் பார்த்தாயா? அவன் குழம்பு கேட்டு இரண்டாம் தடவை தட்டை நீட்டின அன்றைக்கு நான் அடுப்பங்கரைக்குள் போய் முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டேன்.

அப்படி வந்த பிள்ளை. தவக்காலத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து உன் அத்தை வந்தாள். அண்ணி நீ உட்காரு, இன்னிக்கி நான் ஆக்குறேன் என்று கருவாட்டுக் குழம்பு வைத்தாள். கருவாடு என்றால் எந்த நாற்றமும் வெளியே தெரியாது என்று அதையும் நீங்கள் இரண்டு பேரும் பேசி வைத்திருக்கிறீர்கள், அவளே சொன்னாள். தென்னரசு பின்பக்கம் கைகால் கழுவிக்கொண்டிருந்தவன் ஜன்னல் வழியாகப் பார்த்திருக்கிறான். அவள் ஜாக்கெட்டுக்குள்ளிருந்து ஒரு பொட்டலத்தை எடுத்து, வாசலை ஒரு தரம் திரும்பிப் பார்த்துவிட்டு, குழம்பில் கொட்டிக் கலக்கியிருக்கிறாள். அலெக்ஸ், அவன் நோயில் பார்த்தது என்னவோ அதையே நீ கண்ணெதிரில் நடத்திக் காட்டிவிட்டாய். மாசக்கணக்கில் நானும் டாக்டரம்மாவும் அவனிடம் யாரும் கலக்கவில்லை கலக்கவில்லை என்று பேசிப் பேசி ஏற்படுத்தின நம்பிக்கையை ஒரு பொட்டலத்தில் முடித்துவிட்டாய். அவன் கத்தவில்லை. உள்ளே வந்து என்னைப் பார்த்து, "பாத்தியாம்மா, நான் அப்பவே சொன்னேன்ல" என்றான். அவ்வளவுதான்.

அப்பா சட்டியோடு தூக்கிக்கொண்டு போய்ச் சாக்கடையில் கொட்டினார். தெரு நாய் வந்து மோந்து பார்த்துவிட்டுப் போய்விட்டது. மிச்சம் இருந்த பொடியை நான் விரலில் தொட்டுப் பார்த்தேன், கரும்பச்சையாக, செத்த எலி கிடந்த மூலையைக் கழுவாமல் விட்டால் வருமே அப்படி ஒரு வீச்சம். மூன்று தரம் சோப்புப் போட்டும் கையை விட்டுப் போகவில்லை. இதைத்தான் யாரோ ஒருவன் செல்போன் வீடியோவில் நோயைத் தீர்க்கும் என்று சொன்னான் என்று உன் தம்பி வயிற்றுக்குள் அனுப்பப் பார்த்தாய். டாக்டரம்மாவிடம் கொண்டுபோய்க் காட்டினோம். இதில் என்ன இருக்கிறது என்று யாருக்குத் தெரியும் என்றார்கள். தெரியாமல் மருந்து கலந்து கொடுப்பதே கூடாது, அது நான் எழுதிக் கொடுக்கிற மாத்திரையாகவே இருந்தாலும் கூடாது, ஒரு தடவை தெரிந்துவிட்டால் அப்புறம் சாப்பாட்டையும் நம்பமாட்டான், மருந்தையும் நம்பமாட்டான், உங்களையும் நம்பமாட்டான் என்று சொன்னார்கள். நான் தலையைக் குனிந்துகொண்டு கேட்டேன், யாரோ செய்ததற்கு.

அதுதான் நடந்தது. வீட்டுச் சோறு நின்றது, மாத்திரை நின்றது, தூக்கம் போனது, பட்டறை போனது, அந்த இரண்டு குரலும் திரும்பி வந்தன. கன்னம் ஒட்டிப்போய் சுவரோடு உட்கார்ந்திருந்தான். என்ன செய்வது என்று தெரியாமல் ஜங்ஷனுக்கு நடந்துபோனேன். ரோட்டோரத்தில் ஒருத்தன் வேர்க்கடலை வேர்க்கடலை என்று கூவி வண்டியில் அவித்த மல்லாட்டை விற்றுக்கொண்டிருந்தான், ஏதோ தோன்றி வாங்கி வந்து தென்னரசு பக்கத்தில் உட்கார்ந்து ஒன்றை உடைத்துத் தின்றேன். தின்னு என்று சொல்லவில்லை. அவன் ஒன்றை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். ஓட்டில் கீறல் இல்லை, ஓட்டை இல்லை. தானே உடைத்துத் தின்றான். அப்புறம் இன்னொன்று. அன்றைக்கு எனக்கு விளங்கியது. அவித்த முட்டையை ஓட்டோடு கொடுத்தேன், வாழைப்பழம் தோலோடு, இளநீர் அவன் கண்ணெதிரில் சீவி. சோற்றுக்கு அவனையே அரிசி கழுவிப் போடச் சொல்லிவிட்டு நான் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்தேன். மாத்திரையை நீங்கள் பிரித்துக் கையில் கொடுக்காதீர்கள், அட்டையோடு அவனிடமே கொடுங்கள், அவனே பிரித்துப் போட்டுக்கொள்ளட்டும் என்று டாக்டரம்மா சொன்னார்கள். அப்படியே செய்தேன். இரண்டு நாள் அட்டையைப் பார்த்துக்கொண்டே இருந்தான், மூன்றாம் நாள் பிரித்தான். இப்போது குரல் மறுபடியும் அடங்கி வருகிறது, முழுசாக இல்லை. குழம்பு மட்டும் இன்னும் தொடமாட்டேன் என்கிறான். நான் அவசரப்படவில்லை.

எதற்கடி செய்தீர்கள் என்று அத்தையைக் கேட்டேன். உனக்குப் பார்த்திருக்கிற விழுப்புரத்துப் பெண் வீட்டார் வீடு பார்க்க வருவதற்குள் ஜல்தி சரியாகிவிட வேண்டுமாம், பைத்தியத்தை வீட்டில் வைத்துக்கொண்டு பெண் கேட்க முடியாது என்று நீ சொன்னாயாம். அந்த வார்த்தையைச் சொன்ன வாய்க்கு நான்தான் முதல் சோறு ஊட்டினேன் என்பதை நினைத்தால் என்மேலேயே எனக்குக் கசக்கிறது. உன் தம்பி ஒளித்து வைக்கிற சாமான் இல்லை. பெண் வீட்டாரிடம் சொல்லட்டுமா என்று அவனிடமே கேட்டேன், "சொல்லும்மா, அப்பறம் தெரிஞ்சா அந்தப் பொண்ணுதான பாவம்" என்றான். போய்ச் சொல்லிவிட்டு வந்துவிட்டேன். என் சின்ன மகனுக்கு இந்த நோய், மாத்திரை சாப்பிடுகிறான், தேறி வருகிறான் என்று. யோசித்துச் சொல்கிறோம் என்றார்கள். வேண்டாம் என்றாலும் எனக்கு வருத்தமில்லை. உன்னைப் பற்றி என்ன சொல்வது என்றுதான் அங்கே எனக்குத் தெரியவில்லை.

கடைசியாக ஒன்று. அத்தை அழுதுவிட்டுப் போன பிறகு தென்னரசு வந்து, பொடியை அனுப்பினது யார் என்று கேட்டான். யாரோ என்று சொல்லிவிடத்தான் வாய் துடித்தது, பெரிய பிள்ளையும் என் பிள்ளைதானே. ஆனால் அவனிடம் இனி ஒரு பொய்யும் கூடாது என்று டாக்டரம்மா சொல்லியிருந்தார்கள். உன் அண்ணன்தான் என்று சொன்னேன். சாயங்காலம் வரைக்கும் சுவரோடு உட்கார்ந்திருந்தான். மறுபடியும் எல்லாம் போச்சு என்று நினைத்துக்கொண்டேன். விளக்கு வைக்கிற நேரத்துக்கு வந்து, "அண்ணன் அங்க எங்கம்மா சாப்புடுது?" என்றான். ஏதோ மெஸ்ஸில் என்றேன். யார் ஆக்குகிறார்கள் என்றான். எனக்குத் தெரியாது என்றேன். "தெரியாத ஆளு ஆக்குறத தெனமும் எப்பிடிம்மா தின்னுக்கினு கீது" என்றவன் மாடிக்குப் போய்விட்டான். மேலே மல்லாட்டை காய்ந்துகொண்டிருந்தது. அதற்கு முந்தின சனிக்கிழமைகளில் என்னோடு நம் ஊர் வேங்கடேசன் கொல்லைக்குச் செடியிலிருந்து மல்லாட்டை ஆய வந்தான், அதற்குக் கூலியாக அவன் கைக்கு வந்த காய் அது. அதில் கீறல் இல்லாத காயாகப் பொறுக்கி ஒரு பையில் போட்டுக்கொண்டு வந்தான். வறுத்துத் தருகிறேன் என்று கையை நீட்டினேன், கொடுக்கவில்லை. "ஒடைக்காத, வறுக்காத, அப்பிடியே குடும்மா. அண்ணன் பயப்படாம திங்கட்டும்" என்றான்.

அந்தப் பைதான் ரஞ்சித் கொண்டுவருகிறான். அப்பா உனக்கு ஒன்றும் எழுதச் சொல்லவில்லை, இந்தக் கடிதத்தைப் படிக்கச் சொன்னேன், படித்துவிட்டு மடித்துக் கொடுத்தார். மாதா உன்னைக் கைவிடாமல் காக்கட்டும், உன் மனசையும் கொஞ்சம் திருப்பட்டும். வெயிலில் வேலை செய்யும்போது தண்ணீர் குடி. என்னிடம் நீ இப்போது பேச வேண்டாம், எனக்கு இன்னும் ஆறவில்லை. பையின் வாயைக் கோணி ஊசி போட்டு உன் தம்பியே தைத்தான், வழியில் யாரும் பிரித்துக் கலக்கவில்லை என்று நீ பார்த்துத் தெரிந்துகொள்ள வேண்டுமாம். தையல் பிரியாமல் வந்து சேர்ந்ததா என்று அவனிடம் நீயே போன் செய்து சொல். அவன் காத்திருக்கிறான்.

இப்படிக்கு,
உன்னைப் பெற்ற அம்மா,
ச. அம்சவள்ளி